உலாவி விளையாட்டுகளுக்குச் சீட் எஞ்சின்: எண் எங்கே இருக்கிறது என்பதே கேள்வி

தருமபுரியில் எங்கள் கணினிப் பயிற்சி மையத்துக்கு வரும் மாணவர்களில், உலாவியில் ஆடும் விளையாட்டில் காயினைக் கூட்டிக்கொள்ள ஏதாவது வழி உண்டா என்று கேட்காதவர் குறைவு. பாலக்கோட்டிலிருந்து வருபவரும் கேட்கிறார், காவேரிப்பட்டணத்திலிருந்து பேருந்து ஏறி வருபவரும் கேட்கிறார்; இருவருக்கும் ஏற்கெனவே பெயர் தெரிந்த மென்பொருள், ஓடும் நிரலின் நினைவகத்தில் உள்ள எண்களைத் தேடி மாற்றும் சீட் எஞ்சின். அதை மாணவர்களோடு உட்கார்ந்து பல வகை விளையாட்டுகளில் பயன்படுத்திப் பார்த்த பிறகு எழுதும் மதிப்பீடு இது. முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓடிக்கொண்டிருக்கும் ஒரு நிரல் தன் எண்களை நினைவகத்தில் எப்படி வைத்திருக்கிறது என்பதைக் கண்ணெதிரே காட்ட இதைவிட நல்ல கருவி இலவசமாகக் கிடைப்பது அரிது. ஆனால் உலாவி விளையாட்டில் ஏய்ப்பதற்காக மட்டும் இதை நிறுவுபவருக்கு, பல இடங்களில் இதைவிட எளிய வழி உலாவிக்குள்ளேயே இருக்கிறது. வேறு பல இடங்களில் எந்தக் கருவியாலும் ஒன்றும் ஆகாது. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் ஒரு சிறு வகை விளையாட்டுகளில்தான் இதற்கு உண்மையான வேலை இருக்கிறது.

மென்பொருளைப் பற்றிச் சுருக்கமாக. ‘டார்க் பைட்’ என்ற பெயரில் அறியப்படும் எரிக் ஹெய்னென் உருவாக்கிப் பல ஆண்டுகளாகப் பராமரித்து வருவது இது. மூல நிரல் வெளிப்படையாக, நிரல்களைப் பகிரும் கிட்ஹப் தளத்தில் கிடைக்கிறது. பாஸ்கல் வழி வந்த லாசரஸ் சூழலில் எழுதப்பட்டிருக்கிறது. முதன்மையாக விண்டோஸுக்கானது. விலை கிடையாது, ஆனால் நிறுவும்போது கவனம் வேண்டும். அதிகாரபூர்வத் தளத்திலிருந்து இறக்கும் நிறுவி, நடுவில் வேறு சில மென்பொருள்களையும் சேர்த்து நிறுவவா என்று கேட்கும் வழக்கமுடையது; ‘நெக்ஸ்ட், நெக்ஸ்ட்’ என்று தட்டிக்கொண்டே போகிறவர் தேவையில்லாத ஒன்றைத் தலையில் கட்டிக்கொள்வார். ஒவ்வொரு பக்கத்தையும் படித்து, மறுக்கும் பொத்தானைத் தேடி அழுத்த வேண்டும். பேட்ரியான் வழியாக ஆதரவுத் தொகை தருபவர்களுக்கு விளம்பரமில்லாத நிறுவி கிடைக்கிறது. நிரலாக்கம் தெரிந்தவர் மூல நிரலிலிருந்து தாமே உருவாக்கியும் கொள்ளலாம். வைரஸ் தடுப்பு மென்பொருள்கள் பலவும் இதனை ‘ஹேக் டூல்’ என்று அடையாளமிட்டுத் தடுக்கும். பிற நிரலின் நினைவகத்தைப் படிக்கவும் எழுதவும் செய்வதே இதன் தொழில் என்பதால் அந்த எச்சரிக்கை வருவதில் வியப்பில்லை. ஆனால் இதே காரணத்தைச் சொல்லி, ‘அன்லிமிடெட் காயின் ஹேக், ஆன்டிவைரஸை ஆஃப் செய்துவிட்டு ஓப்பன் பண்ணுங்கள்’ என்று வீடியோக்களுக்குக் கீழே பாஸ்வேர்டு போட்டுத் தரப்படும் ஜிப் கோப்புகளைத் திறக்கவே கூடாது. அந்தப் பாஸ்வேர்டு போடப்படுவது, உள்ளே இருப்பதை வைரஸ் தடுப்பு மென்பொருள் பார்த்துவிடாமல் இருப்பதற்கே.

வேலை செய்யும் முறை எளிமையானது. விளையாட்டில் இப்போது 47 காயின் இருக்கிறது என்றால், அது ஓடும் ப்ராசஸை (கணினியில் ஓடிக்கொண்டிருக்கும் நிரலை) சீட் எஞ்சினில் தேர்ந்தெடுத்து, 47 என்று இட்டு முதல் தேடலை ஓட்ட வேண்டும். நினைவகத்தில் 47 என்ற மதிப்பு தற்செயலாக இருக்கும் இடங்கள் ஆயிரக்கணக்கில் வந்து நிற்கும். விளையாட்டுக்குத் திரும்பி 5 காயின் செலவழித்து, இருப்பு 42 ஆனதும், அதே பட்டியலுக்குள் 42 என்று அடுத்த தேடலை ஓட்டினால் பெரும்பாலானவை உதிர்ந்துவிடும். இப்படியே நான்கைந்து முறை காயினை மாற்றி மாற்றிச் சலித்தால் இரண்டு மூன்று முகவரிகள், அதாவது நினைவக இடங்கள், மிஞ்சும். அவற்றைக் கீழ்ப்பகுதிக்கு இறக்கி, மதிப்பை மாற்றலாம். இடப்பக்கம் உள்ள பெட்டியில் டிக் போட்டால் அந்த எண் அப்படியே உறைந்து நிற்கும், செலவழித்தாலும் குறையாது. எண் திரையில் தெரியாமல் வெறும் பட்டையாகக் காட்டப்பட்டால், தொடக்க மதிப்பு தெரியாது என்ற வகையைத் தேர்ந்தெடுத்து, ‘கூடியது’, ‘குறைந்தது’ என்று மட்டும் சொல்லிச் சொல்லிச் சலிக்கலாம். கணினிக்கு நிறுவப்பட்ட தனி விளையாட்டில் இந்த முறை அழகாக வேலை செய்யும். உலாவிக்குள் வந்ததும்தான் சிக்கல் தொடங்குகிறது.

முதல் சிக்கல், எந்த ப்ராசஸைத் திறப்பது என்பது. குரோம் தொடக்கத்திலிருந்தே ஒரே நிரலாக ஓடுவதில்லை. தாவல்களையும் நீட்சிகளையும் வரைகலைப் பணியையும் தனித்தனி ப்ராசஸ்களாகப் பிரித்து ஓட்டுகிறது. ஆகவே சீட் எஞ்சினின் பட்டியலில் குரோம் என்ற ஒரே பெயர் வரிசையாகப் பத்து, பதினைந்து முறை நிற்கும். பலர் மேலே உள்ளதைத் திறந்து, காயினைத் தேடி, ஒன்றும் கிடைக்காமல் கருவியைக் குறை சொல்லிவிட்டு எழுந்துவிடுகிறார்கள். சரியான வழி, குரோமில் ஷிஃப்டையும் எஸ்கேப்பையும் சேர்த்து அழுத்துவது. உலாவியின் சொந்த டாஸ்க் மேனேஜர் திறக்கும். எந்தத் தாவல் எந்த ப்ராசஸ் எண்ணில் ஓடுகிறது என்று அதில் தெரியும். அங்கேயும் ஒரு பொறி உண்டு. இலவச விளையாட்டுத் தளங்கள் பெரும்பாலும் விளையாட்டை வேறொரு இணைய முகவரியிலிருந்து எடுத்து, பக்கத்தின் நடுவே ஒரு சட்டத்துக்குள் (ஃபிரேம்) வைத்துக் காட்டுகின்றன. 2018-இல் குரோம் 67 பதிப்பிலிருந்து, வேறு தளத்திலிருந்து வரும் சட்டம் மேசைக் கணினியில் வேறு ப்ராசஸில்தான் ஓடுகிறது. எனவே தாவலின் பெயருக்கு நேரே உள்ள எண்ணை எடுக்காமல், அதற்குக் கீழே ‘சப்ஃபிரேம்’ என்று தொடங்கும் வரியின் எண்ணை எடுக்க வேண்டும். அதையும் எடுத்தாயிற்று என்றால், சீட் எஞ்சின் தன் பட்டியலில் ப்ராசஸ் எண்களைப் பதினாறடிமான (ஹெக்ஸ்) முறையில் காட்டுவதால் இரண்டும் பொருந்தாமல் நிற்கும்: குரோமில் 9240 என்று இருப்பது அங்கே 00002418. விண்டோஸின் கால்குலேட்டரை புரோகிராமர் நிலைக்கு மாற்றி ஒரு முறை மாற்றிப் பார்த்துவிட்டால் முடிந்தது. பட்டியலையே பதின்ம முறையில் காட்டும்படி மாற்றிக்கொள்ள முடிந்தால் இன்னும் நல்லது. ஃபயர்ஃபாக்ஸில் இதே தகவலை அதன் ப்ராசஸ்கள் பக்கம் தருகிறது.

சரியான ப்ராசஸைத் திறந்த பிறகும், உலாவிகள் நேரடியாக இயக்கும் நிரல் மொழியான ஜாவாஸ்கிரிப்டில் எழுதிய சாதாரண விளையாட்டில் காயினைத் தேடினால் பல வேளைகளில் அகப்படாது. இங்கேதான் இந்தக் கருவி பாடம் நடத்தத் தொடங்குகிறது. குரோமின் ஜாவாஸ்கிரிப்ட் இயந்திரமான வி8, சிறிய முழு எண்களை அப்படியே எழுதி வைப்பதில்லை. ஒவ்வொரு இடத்திலும் கடைசி பிட் (0 அல்லது 1 என்ற ஒற்றை இலக்கம்) 0 என்றால் அது எண், 1 என்றால் அது நினைவகத்தில் உள்ள வேறொரு பொருளின் (தரவுத் தொகுப்பின்) முகவரி என்று அடையாளம் வைத்துக்கொள்கிறது. அந்த ஒரு பிட்டுக்கு இடம் விட, எண்ணை ஓரிடம் இடப்பக்கம் நகர்த்தி எழுதுகிறது. அதாவது இரட்டிப்பாக்கி எழுதுகிறது. 2020-இல் வந்த குரோம் 80 முதல் 64 பிட் கணினியிலும் இதுதான் ஏற்பாடு. ஆகவே திரையில் 150 காயின் இருந்தால், 4 பைட் (32 பிட்) தேடலில் 300 என்று இட வேண்டும். 999 காயின் வேண்டுமென்றால் 1998 என்று எழுத வேண்டும். மறந்துபோய் 999 என்றே எழுதிவிட்டால் அது ஒற்றைப்படை எண். கடைசி பிட் 1. இயந்திரம் அதை எண்ணாகப் பார்க்காமல் எங்கோ இருக்கும் ஒரு பொருளின் முகவரியாக எடுத்துக்கொண்டு, அந்த இல்லாத பொருளைத் தேடிப் போய் விழுந்துவிடும். திரையில் விளையாட்டு மறைந்து, குரோமின் ‘ஆவ், ஸ்னாப்!’ பக்கம் வந்து நிற்கும். வகுப்பில் ஒரு மாணவர் 1998 எழுதியபோது காயின் கூடியதையும், பக்கத்து இருக்கைக்காரர் 1999 எழுதியபோது தாவலே செத்துப்போனதையும் அடுத்தடுத்துப் பார்த்தவர்களுக்கு, பிட் என்றால் என்ன என்று அதற்குப் பிறகு நான் தனியாக விளக்க வேண்டியிருக்கவில்லை.

இந்த இரட்டிப்புக்கும் எல்லை உண்டு. 1073741823-ஐத் தாண்டிய எண்களும், தசமப் புள்ளி உள்ள எண்களும் இந்த வடிவில் அடங்கா; அவை 8 பைட் ‘டபுள்’ வடிவில் போகும். காயின் 12.5 என்ற கணக்கில் ஏறும் விளையாட்டில் முழு எண்ணைத் தேடிக்கொண்டிருந்தால் பொழுதுதான் போகும். திரையில் ‘12.4 ஆயிரம்’ என்று சுருக்கிக் காட்டும் விளையாட்டில் சரியான மதிப்பு தெரியாது என்பதால், டபுள் வகையைத் தேர்ந்து, இந்த எண்ணுக்கும் அந்த எண்ணுக்கும் இடையே என்று வரம்பு கொடுத்துத் தேட வேண்டும். ஃபயர்ஃபாக்ஸ் வேறு முறையைக் கையாள்கிறது: 8 பைட் இடத்தில் மேல் பாதியில் அடையாளத்தையும் கீழ்ப் பாதியில் முழு எண்ணையும் வைப்பதால், இரட்டிப்பாக்காமல் 4 பைட்டில் அப்படியே தேடினாலே முழு எண் அகப்படும். தொடங்குபவர் ஃபயர்ஃபாக்ஸில் தொடங்கலாம் என்று நான் சொல்வதற்குக் காரணம் இதுவே.

அகப்பட்ட முகவரி நிலைத்து நிற்குமா என்பது அடுத்த கேள்வி. பெரும்பாலும் நிற்காது. ஜாவாஸ்கிரிப்ட் இயந்திரங்கள் குப்பை நினைவகத்தை அவ்வப்போது கூட்டிப் பெருக்கும்போது, உயிரோடு இருக்கும் பொருள்களை வேறிடத்துக்கு நகர்த்திவிடுகின்றன. புதிதாகப் பிறந்த பொருள்கள் இப்படி நகர்வது வெகு சாதாரணம். டபுள் எண்களில் சில, ஒவ்வொரு முறை மாறும்போதும் புதிய இடத்தில் எழுதப்படுகின்றன. அதனால் பத்து நிமிடம் உழைத்துப் பிடித்த முகவரியில் டிக் போட்டு உறைய வைத்துவிட்டு ஆடிக்கொண்டிருப்பவர், சற்று நேரத்தில் காயின் மறுபடியும் குறையத் தொடங்குவதைக் காண்பார். உறைந்திருப்பது விளையாட்டு காலி செய்துவிட்டுப் போன பழைய இடம். அந்த இடத்தில் இப்போது வேறு ஏதாவது குடியேறியிருந்தால், அதன்மேல் நாம் விடாமல் எழுதிக்கொண்டிருப்பது தாவலை வீழ்த்தவும் கூடும். ஆகவே உலாவியில் உறைய வைக்கும் வசதியை நம்பக் கூடாது. ஒரு முறை பெரிய எண்ணை எழுதிவிட்டு, உடனே விளையாட்டுக்குள் செலவழித்துவிடுவதே நடைமுறைக்கு ஏற்றது. தனி விளையாட்டுகளில் முகவரி மாறினாலும் மறுபடி பிடிக்க உதவும் ‘பாயின்டர்’ தேடல் இங்கே ஏறத்தாழ பயனற்றது.

இவ்வளவு சிரமமும் ஜாவாஸ்கிரிப்ட் விளையாட்டுக்குத் தேவையா என்றால், தேவையில்லை. எஃப்12 விசையை அழுத்தினால் திறக்கும் டெவலப்பர் டூல்ஸ் உலாவியோடு இலவசமாகவே வருகிறது. 2013-இல் வெளிவந்த குக்கீ கிளிக்கர் விளையாட்டில், அதன் கன்சோலில் (கட்டளை தட்டும் பகுதியில்) ஒரே வரி தட்டினால் குக்கீ எண்ணிக்கை நாம் சொன்னதாகிவிடும். ப்ராசஸ் தேடலும் இரட்டிப்பும் எதுவும் கிடையாது. அதை எழுதியவருக்கு இது நன்றாகத் தெரியும். குக்கீயை முறைகேடாகச் சேர்த்தவருக்கென்றே, அப்படிச் சேர்த்த குக்கீ சுவைக்காது என்ற பொருளில் பெயரிட்ட ஒரு சாதனைப் பட்டயத்தை உள்ளே வைத்திருக்கிறார். தடுப்பதைவிடக் கிண்டல் செய்வது மேல் என்று நினைத்த அந்த மனிதரின் நகைச்சுவை எனக்குப் பிடித்திருக்கிறது. 2014-இல் காப்ரியேலே சிருல்லி வெளியிட்ட 2048 விளையாட்டோ, உச்ச ஸ்கோரையும் பலகையின் நிலையையும் உலாவியின் உள்ளூர்ச் சேமிப்பில் எழுத்தாகவே வைக்கிறது. டெவலப்பர் டூல்ஸின் அப்ளிகேஷன் பகுதியில் அந்த எழுத்தைத் திருத்திப் பக்கத்தைப் புதுப்பித்தால் போதும். இத்தகைய விளையாட்டுகளுக்குச் சீட் எஞ்சினை எடுத்துவருவது வீண் உழைப்பு.

சீட் எஞ்சினுக்கு உலாவியில் உண்மையான வேலை இருப்பது, யூனிட்டி போன்ற, விளையாட்டு உருவாக்கும் இயந்திரங்களில் செய்து, உலாவியில் ஓடும் வெப் அசெம்பிளி என்ற நிரல் வடிவத்துக்கு மாற்றப்பட்ட விளையாட்டுகளில். கார் பந்தயம், துப்பாக்கிச் சண்டை, கடை நடத்துவது என்று விளையாட்டுத் தளங்களில் இன்று பார்க்கும் முப்பரிமாண விளையாட்டுகளில் கணிசமானவை இந்த வகை. இவற்றில் காயின் போன்ற மதிப்புகளை வைத்திருக்கும் மாறிகள் கன்சோலில் பெயரோடு கிடைக்கமாட்டா. எஃப்12 வழி ஏறத்தாழ அடைபட்டது. ஆனால் வெப் அசெம்பிளி தன் தரவுகளை நீளமான ஒற்றைத் துண்டு நினைவகத்தில், சி மொழி நிரல் வைப்பதைப் போலவே வைக்கிறது. முழு எண் என்றால் 4 பைட்டில் அப்படியே. தசமம் என்றால் பெரும்பாலும் ‘ஃப்ளோட்’ என்ற 4 பைட் தசம வடிவில். இரட்டிப்பு இல்லை, உலாவியின் குப்பை சேகரிப்பு இந்தத் துண்டுக்குள் கை வைப்பதும் இல்லை. ஒரு கார் பந்தய விளையாட்டில் நாங்கள் தேடியபோது, சப்ஃபிரேம் ப்ராசஸை எடுத்து, காயினை இரண்டு மூன்று முறை செலவழித்துச் சலித்ததுமே ஒரே முகவரி மிஞ்சியது. எழுதிய எண் கராஜ் பக்கத்துக்குப் போய் வந்ததும் திரையில் ஏறியது. அதே முகவரி பக்கத்தைப் புதுப்பிக்கும்வரை நிலைத்தும் நின்றது. புதுப்பித்ததும் எல்லாவற்றையும் மறுபடி தேட வேண்டும், அதைத் தவிர்க்க வழியில்லை. இந்த வகை ஒன்றுக்காக மட்டும் என்றால், சீட்டஸ் என்ற உலாவி நீட்சியும் உண்டு. வெப் அசெம்பிளி நினைவகத்தை உள்ளிருந்தே தேடித் திருத்தும் அது, எந்த ப்ராசஸ் என்ற தலைவலியை முழுவதும் நீக்கிவிடுகிறது.

இனி எந்தக் கருவியாலும் தாண்ட முடியாத எல்லைக்கு வருகிறேன். வகுப்பில் ஒரு மாணவர், “சார், காயின் மாறிடுச்சு. ஆனா ஷாப்புல எதை வாங்கினாலும் ‘காயின் பத்தலை’ன்னு சொல்லுது, ரீஃப்ரெஷ் பண்ணா பழைய காயினே வந்துடுது,” என்றார். அவர் மாற்றியது கணக்கை அன்று, கணக்கின் நகலை. மளிகைக் கடையில் கடன் வாங்குபவர் கையில் ஒரு பற்று நோட்டு இருக்கும், கடைக்காரரிடம் ஒரு பேரேடு இருக்கும். நம் நோட்டில் பாக்கி இல்லை என்று திருத்திக்கொள்வதால் பேரேட்டில் உள்ள பாக்கி தீராது. கணக்கு உருவாக்கி லாகின் செய்து ஆடும் விளையாட்டுகளில் பெரும்பாலானவற்றிலும், பலர் சேர்ந்து ஆடும் விளையாட்டுகள் ஏறத்தாழ அனைத்திலும், பேரேடு விளையாட்டு நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. நம் கணினியின் நினைவகத்தில் இருப்பது திரையில் காட்டுவதற்கு அனுப்பப்பட்ட எண் மட்டுமே. 2009-இல் பேஸ்புக்கில் ஃபார்ம்வில் பரவியபோதும் இதே கதைதான். திரையில் ஏற்றிக்கொண்ட பணத்தால் உண்மையில் ஒரு மாடுகூட வாங்க முடிந்ததில்லை. பலர் ஆடும் களத்தில் நம் உருவத்தின் இடத்தை நினைவகத்தில் மாற்றினால், நம் திரையில் சுவரைத் தாண்டி நிற்போம். அடுத்த நொடியே சர்வர் இழுத்துப் பழைய இடத்தில் நிறுத்திவிடும்.

தேடலில் நேரத்தைச் செலவழிப்பதற்கு முன்பே இதைக் கண்டுகொள்ள எளிய சோதனை ஒன்று இருக்கிறது. விளையாட்டு முழுவதும் ஏறியதும் வைஃபையை அணைத்துவிட்டு ஆடிப் பாருங்கள். காயின் வழக்கம்போல ஏறி இறங்கி, கடையும் திறந்து பொருளும் வாங்க முடிந்தால், கணக்கு நம் கணினியில்தான் நடக்கிறது என்று பெரும்பாலும் கொள்ளலாம். கருவிக்கு வேலை உண்டு. ‘இணைப்பு துண்டிக்கப்பட்டது’ என்று நின்றாலோ, இணைப்பு திரும்பியதும் எண் பழையபடி மாறினாலோ, அங்கேயே விட்டுவிடலாம். எங்கள் பக்கம் மழைக்காலத்தில் இணைப்பு அடிக்கடி போவதால் இந்தச் சோதனையை இயற்கையே நடத்திக் கொடுத்துவிடுவதும் உண்டு.

நம் கணினியிலேயே கணக்கு நடந்தாலும், சில விளையாட்டுகள் எண்ணை மறைத்து வைக்கின்றன. காயினை ஒரு இரகசிய எண்ணோடு கலந்து எழுதுவதும், இரண்டு இடங்களில் எழுதி ஒப்பிட்டுப் பார்ப்பதும் யூனிட்டி விளையாட்டுகளில் ஆயத்தமாகக் கிடைக்கும் தற்காப்புகள். திரையில் தெரியும் எண்ணைத் தேடினால் அகப்படுவது, ஏய்ப்பவரைப் பிடிப்பதற்கென்றே வைத்த போலி எண்ணாகவும் இருக்கலாம். அதை மாற்றியதும் விளையாட்டு கண்டுபிடித்துவிடும். ‘மாறியது’, ‘மாறவில்லை’ என்று மட்டும் சொல்லிச் சலிக்கும் முறையில் முயலலாம் என்றாலும், உலாவியில் ஒவ்வொரு நொடியும் ஏராளமான மதிப்புகள் தாமே மாறிக்கொண்டிருப்பதால் பட்டியல் குறைவதற்குள் பொறுமை குறைந்துவிடும்.

வேகத்தைக் கூட்டும் ‘ஸ்பீட்ஹேக்’ வசதியை நம்பி வருபவர்கள் பலர். நேரத்தைச் சொல்லும் விண்டோஸ் செயற்கூறுகளை வழிமறித்து, விளையாட்டுக்குப் பொய்யான நேரம் சொல்வதே இதன் வேலை. அதற்குச் சீட் எஞ்சின் தன் டிஎல்எல் கோப்பு (நிரல் துண்டு) ஒன்றை அந்த ப்ராசஸுக்குள் ஏற்ற வேண்டும். குரோமோ, பக்கங்களை ஓட்டும் ப்ராசஸ்களுக்குள் தனக்கு ஏற்புடைய கையொப்பம் இல்லாத கோப்புகள் நுழைவதை மறுக்கிறது. ஆகையால் நகர்த்துகோலை 5-க்கு இழுத்தாலும் விளையாட்டு பழைய வேகத்திலேயே போகும். இந்தக் காவலைத் தளர்த்தி குரோமைத் திறக்கச் சொல்லும் வழிகாட்டிகள் உலவுகின்றன. வங்கிக் கணக்கும் மின்னஞ்சலும் திறக்கும் அதே உலாவியில் ஒரு விளையாட்டுக்காக அதைச் செய்ய நான் யாருக்கும் சொல்லமாட்டேன்.

பிரவுசிங் சென்டர் காலத்தில் ஃப்ளாஷ் விளையாட்டு ஆடி வளர்ந்தவர்களுக்கு, எண்ணை 8 ஆல் பெருக்கித் தேடும் வித்தை நினைவிருக்கும். ஃப்ளாஷும் வகையைக் காட்ட ஒவ்வொரு எண்ணுக்கும் கீழே மூன்று பிட் இடம் விட்டதால் வந்த கணக்கு அது. ஃப்ளாஷுக்கான ஆதரவை அடோபி 2020 டிசம்பர் 31 அன்று நிறுத்தி, 2021 ஜனவரி 12 முதல் அதில் செய்த விளையாட்டுகள் ஓடுவதையே தடுத்துவிட்டது. இன்று பழைய விளையாட்டுகள், ஃப்ளாஷைப் போலவே நடந்துகொள்ளும் ரஃபிள் போன்ற எமுலேட்டர்களுக்குள் ஓடுகின்றன. அவை எண்களைத் தம் சொந்த முறையில் வைப்பதால் 8 ஆல் பெருக்கும் பழைய வாய்ப்பாட்டை அங்கே அப்படியே எதிர்பார்க்கக் கூடாது. இணையத்தில் கிடைக்கும் பயிற்சி வீடியோக்களில் பல அந்தக் காலத்தவை என்பதை, பார்க்கத் தொடங்கும் முன் தேதியைப் பார்த்து உறுதிசெய்துகொள்வது நல்லது.

கணினியின் திறனைப் பற்றியும் சொல்ல வேண்டும். அரசு வழங்கிய பழைய இலவச மடிக்கணினியோடு வரும் மாணவர்கள் எங்களிடம் உண்டு. அதில் முப்பரிமாண விளையாட்டு ஒன்றை உலாவியில் ஓட்டுவதே பாடு. பக்கத்தில் இந்தத் தேடலையும் ஓட்டினால், குறிப்பாகத் தொடக்க மதிப்பு தெரியாத தேடலை ஓட்டினால், வட்டு நிரம்பித் தடுமாறும். மற்றத் தாவல்களை மூடிவிட்டு, எண் தெரிந்த தேடலோடு நிறுத்திக்கொண்டால் சமாளிக்கலாம். லினக்ஸ் வைத்திருப்பவருக்கு ஸ்கேன்மெம் என்ற கருவியும் அதன் முகப்பான கேம் காங்கரரும் இருக்கின்றன. தோற்றம் எளிமை, வசதிகள் குறைவு. ரூட் (நிர்வாகி) அனுமதி தேவைப்படும். சலிக்கும் முறை ஒன்றே.

எதில் பயன்படுத்தலாம் என்பதில் என் கொள்கை கண்டிப்பானது. தனியாக ஆடும் விளையாட்டில், தன் கணினியில், தன் பொழுதுபோக்குக்காக என்றால் மறுப்பு இல்லை. மற்றவர்களோடு ஸ்கோர் பட்டியலில் போட்டியிடும் இடத்தில் கூடாது. பணம் கட்டி ஆடும் விளையாட்டை என் மையத்தின் கணினிகளில் திறக்கவே அனுமதிப்பதில்லை. இணையச் சூதாட்டத்தைத் தடைசெய்யும் தமிழ்நாட்டின் 2022-ஆம் ஆண்டுச் சட்டமும், பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடைசெய்து நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் நிறைவேற்றிய சட்டமும் இருக்கும்போது, அங்கே காயினை மாற்ற முடியுமா என்று பேசுவதற்கே இடமில்லை. அங்குக் கணக்கு முழுவதும் சர்வரில் என்பதால் முடியவும் முடியாது.

மதிப்பெண் கொடுக்கச் சொன்னால், உலாவி விளையாட்டில் ஏய்க்கும் கருவியாக ஐந்துக்கு இரண்டு. அந்த இரண்டும் வெப் அசெம்பிளி விளையாட்டுகளால் வந்தவை. நினைவகத்தைக் கற்கும் கருவியாக நாலரை. அரை மதிப்பெண்ணை நிறுவியின் இடைச்செருகல்களுக்காகக் குறைத்திருக்கிறேன். கற்க வேண்டும் என்று வருபவருக்கு உலாவியே தேவையில்லை. மென்பொருளோடு சேர்ந்து வரும் பயிற்சி நிரலில், எண் தெரிந்த தேடலில் தொடங்கி, எண் தெரியாத தேடல், ஃப்ளோட்டும் டபுளும், நிரல் எந்த இடத்திலிருந்து அந்த எண்ணை மாற்றுகிறது என்று கண்டுபிடிப்பது, பாயின்டர் என்று படிப்படியாகப் போகிறது. முதல் நான்கு படிகளை பன்னிரண்டாம் வகுப்பு முடித்தவர் யாருடைய உதவியும் இல்லாமல் கடந்துவிடுகிறார். பாயின்டர் படியில்தான் எல்லோரும் நிற்கிறார்கள். அங்கே ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து தாளில் கட்டம் போட்டுக் காட்டினால் நகர்ந்துவிடுவார்கள்.

வீட்டில் ஒரே கணினியை அண்ணனும் தம்பியும் பங்கிட்டுக்கொள்ளும் இடங்களில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். போட்டி விளையாட்டுகள் பலவற்றின் காவல் மென்பொருள்கள், சீட் எஞ்சின் பின்னணியில் திறந்திருப்பதைக் கண்டாலே விளையாட்டைத் தொடங்க மறுக்கும். கணக்கையே தடைசெய்வனவும் உண்டு. பயிற்சி முடிந்ததும் சீட் எஞ்சினை முழுவதும் மூடி, முடிந்தால் கணினியை ஒரு முறை மறுதொடக்கம் செய்துவிட்டு அடுத்தவரிடம் கொடுங்கள்.